விலாவாரியக்கா

"எப்படி இருக்கீங்க?" என்று அந்த அக்காவிடம் மட்டும் கேட்டுவிடக் கூடாது. எங்கள் வீட்டில் அது ஒரு சட்டம் போலவே இருந்தது. மற்றவர்களிடம் கேட்டால் "இருக்கேன்" என்று சொல்லிவிட்டு நடந்துகொண்டே இருப்பார்கள். அக்கா நின்றுவிடுவார். கையில் இருக்கும் பையைக் கீழே வைப்பார். "மொதல்ல இருந்து சொல்றேன், அப்பதான் வெளங்கும்" என்று தொடங்குவார். கடையில் பேக்கரிப் பாண் வந்துவிட்டதா என்று கேட்டவருக்கு, அன்று காலை அவர் எத்தனை மணிக்குக் கண் விழித்தார் என்பதில் இருந்து பதில் கிடைக்கும்.

மாத்தளைக்குப் பக்கத்தில் பலாபத்வலையில் பெரிய ரோட்டில் இருந்து உள்ளே இறங்கும் பாதையில் எங்கள் வீடும் அவர் வீடும் அடுத்தடுத்து இருந்தன. நடுவில் ஒரு கோப்பிச் செடி வரிசைதான் வேலி. வேலிக்கு அந்தப் பக்கம் அக்காவின் தலை தெரிந்தால், அடுப்பில் ஏதோ தீய்கிற மாதிரி அம்மா உள்ளே ஓடிவிடுவார். 'விலாவாரியக்கா' என்று பெயர் வைத்ததும் அம்மாதான். அது பாதை முழுவதும் பரவிவிட்டது. அக்காவுக்கும் அது தெரியும். கோபப்பட மாட்டார்.

"ஏன்க்கா இவ்வளவு நீட்டிச் சொல்றீங்க?" என்று ஒரு தடவை கேட்டேன்.

"பாதியைச் சொன்னா அது பொய்யாப் போயிரும் தங்கச்சி" என்றார். அதற்கு ஓர் உதாரணம் சொல்லத் தொடங்கினார். நான் பஸ்ஸுக்கு நேரமாகிறது என்று நழுவிவிட்டேன்.

ரோட்டோரத்து ஸ்பைஸ் கார்டன் ஒன்றில் அவருக்கு வேலை. சுற்றிப் பார்க்க வருகிற வெள்ளைக்காரர்களுக்கு விளக்கம் சொல்வதற்கு ஆங்கிலம் தெரிந்த பிள்ளைகள் இருந்தார்கள். அக்காவின் வேலை பின்பக்கத்து முற்றத்தில். கராம்பும் மிளகும் சாதிபத்திரியும் பாயில் பரப்பிக் காய வைப்பது, புரட்டுவது, மழை இருட்டினால் அள்ளுவது. நாள் முழுக்க வெயில்தான்.

அங்கே ஒரு நாள் ஒரு வெள்ளைக்காரப் பெண்ணின் பாஸ்போர்ட் காணாமல் போய்விட்டது. பொலிசுக்குச் சொல்லியனுப்பினார்கள். வந்தவர் மாத்தளை டவுன் பக்கத்து முஸ்லிம் கான்ஸ்டபிள், தமிழ் பேசுகிறவர். எல்லாரையும் கேட்டுவிட்டு அக்காவிடம் வந்தார்.

"நீங்க ஏதும் பாத்தீங்களாம்மா?"

"மொதல்ல இருந்து சொல்றேன் ஐயா."

முதலாளி தலையில் கை வைத்துக்கொண்டார். கான்ஸ்டபிள் மட்டும் எழுதத் தொடங்கினார். காலையில் ஒரு பாயில் ஈரம் இருந்தது, அதனால் கராம்பை இடம் மாற்றியது, அந்த வெள்ளைக்காரம்மா பின்பக்கம் வந்து குந்தியிருந்து ஏலக்காயை மணந்து பார்த்தது, அவளுடைய பை சாதிபத்திரிச் சாக்கில் சாய்ந்திருந்தது, பிறகு சாக்கை ஸ்டோருக்குத் தூக்கியவன் ஒரு பக்கம் ஏதோ கட்டியாகத் தட்டுப்படுகிறது என்று சொன்னது, ஈரத்தில் ஒட்டிக்கொண்டதுதான் போல என்று தான் நினைத்தது. அந்த இடத்தில் கான்ஸ்டபிள் பேனாவை வைத்துவிட்டு எழுந்து ஸ்டோருக்குப் போனார். சாக்கைக் கொட்டினார்கள். பாஸ்போர்ட் விழுந்தது.

"இந்தம்மா பேசுறப்ப நடுவுல யாரும் வாய் போடாதீங்க" என்று சொல்லிவிட்டுப் போனாராம் கான்ஸ்டபிள். அக்கா இதை என்னிடம் மூன்று தடவையாவது சொல்லியிருப்பார். ஆகவே அவருடைய நீளமான பேச்சுக்குள் என்ன கிடக்கும் என்று எனக்குத் தெரியாமல் இல்லை. அதைத்தான் முதலில் சொல்லி வைக்க வேண்டும்.

நான் அப்போது ஒரு தமிழ்ப் பாடசாலையில் இரண்டாம் மொழி டீச்சராகச் சேர்ந்து ஒரு வருஷம் ஆகியிருந்தது. பிள்ளைகளுக்குச் சிங்களம் படிப்பிக்கிற வேலை. வயது இருபத்தைந்து. அக்காவுக்கு நாற்பதை ஒட்டி இருக்கும். காலையில் பெரிய ரோடு வரைக்கும் இருவரும் ஒன்றாக நடப்போம். கால் மணி நேர நடை. அந்த நடையில்தான் அவருடைய உடம்பு வருத்தத்தைப் பற்றி முதன்முதலாகக் கேட்டேன். கேட்டேன் என்று சொல்வதும் சரியில்லை. அவர் சொல்லிக்கொண்டு வந்தார், நான் பக்கத்தில் நடந்தேன்.

"போன வருஷம் கராம்பு காஞ்ச நேரம் ஒரு கிழமை பூரா வெயில்ல நின்னேன். மறுநாள் காலம்பற வெரலை மடக்க ஏலலை. வேலை கூடிப்போச்சுன்னு நெனச்சேன். அடுத்த நாள் வாயில, மேல் அண்ணத்துல புண்ணு. ஆனா நோவு இல்ல, அதுதான் புதுமை. கன்னம் ரெண்டும் செவந்து போச்சு. பெறகு மயிர் கொத்துக் கொத்தாக் கழண்டுச்சு. மழை தொடங்கினதும் எல்லாம் போயிருச்சு. இப்ப வெயில் வந்துச்சா, மறுபடி வெரல்ல இருந்து தொடங்குது. அதே வரிசை தங்கச்சி. ஒண்ணும் மாறல்ல."

விரலுக்கு நாட்டு வைத்தியரான வெதமாத்தயாவிடம் எண்ணெய் வாங்கியிருந்தார். வாய்ப்புண்ணைப் பல் டொக்டரிடம் காட்டியிருந்தார். மயிருக்கு யாரோ ஒரு தைலம் சொல்லியிருந்தார்கள். ஒவ்வொருவரும் அவரவருக்குரிய துண்டைப் பார்த்தார்கள்.

"எனக்கென்னமோ இது தனித்தனி வருத்தமாத் தெரியல்ல" என்றார். "ஒரே ஆள்தான் உள்ளுக்கு சுத்திக்கிட்டு இருக்கான். இன்னைக்கு வெரல்ல, நாளைக்கு வாயில."

நான் சிரித்தேன். அன்று இடைவேளையில் டீச்சர்மார் அறையில் அதை அப்படியே நடித்தும் காட்டினேன். பையைக் கீழே வைப்பது, "மொதல்ல இருந்து சொல்றேன்", ஒரே ஆள் உள்ளுக்குள் நடந்து திரிவது. எல்லாரும் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார்கள். அதற்குப் பிறகு சில நாட்கள் "இன்னைக்கு அந்த ஆள் எங்கே நிக்கிறான்?" என்று என்னிடம் கேட்பார்கள். நானும் சொல்லுவேன்.

அக்காவுக்குச் சிங்களம் கடைக்கும் பஸ்ஸுக்கும் போதுமான அளவுதான் தெரியும். அவருடைய கணவர் மேசன் வேலை செய்கிறவர், தமிழில் பேசுவதே குறைவு. அதனால் டவுன் ஆஸ்பத்திரிக்குக் கூட வரும்படி என்னைத்தான் கேட்டார். ஒரு லீவு நாளில் போனோம்.

நம்பர் துண்டு எடுத்துக்கொண்டு மூன்று மணி நேரம் பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். அக்கா விரல்விட்டு எண்ணிக்கொண்டே இருந்தார்.

"பதினோரு விஷயம் இருக்கு தங்கச்சி. நான் மறந்தாலும் நீ மறந்துறாத. மூத்திரம் போனா சவர்க்காரம் போட்ட மாதிரி நுரை நிக்குது. தண்ணி ஊத்தினாலும் போறதில்ல. அதைச் சொல்லணும். குளிர் தண்ணியில கை வச்சா வெரல் நுனி வெள்ளையாப் போகுது. அதையும்." பிறகு குரலைத் தணித்துக்கொண்டார். "ரெண்டு பிள்ளை தங்கி, அஞ்சாம் மாசத்துல போச்சுல்ல. அதையும் சொல்லணும். எனக்கென்னமோ அதுவும் இவன் வேலைதான்னு தோணுது."

நான் போனைப் பார்த்துக்கொண்டே தலையாட்டினேன்.

உள்ளே இருந்த டொக்டர் இளைஞர். என்னைவிட இரண்டு மூன்று வயது கூட இருக்கலாம். சிங்களவர், மரியாதையானவர். நான் இரண்டு வசனம் பேசியதும், "உங்கள் சிங்களம் நன்றாக இருக்கிறதே, எங்கே படித்தீர்கள்?" என்று கேட்டார். நான் சொன்னேன். அவர் சிரித்தார். நானும் சிரித்தேன். இதை எழுதும்போது இன்றைக்கும் என் முகம் சுடுகிறது.

"மொகத்த அமாருவ?" என்று அக்காவைப் பார்த்துக் கேட்டார். என்ன வருத்தம் என்று கேட்கிறார் என்பது அக்காவுக்கே விளங்கியது.

"மொதல்ல இருந்து சொல்றேன்னு சொல்லு" என்று என்னிடம் சொல்லிவிட்டு அக்கா தொடங்கினார். கராம்பு காய்ந்த நேரம், ஒரு கிழமை வெயில், மறுநாள் விரல். வெளியே ஒரு குழந்தை வீரிட்டுக்கொண்டிருந்தது. கதவருகில் அடுத்த நம்பர்க்காரர் வந்து நின்று எட்டிப் பார்த்தார். அக்கா வாய்ப்புண்ணுக்கு வந்தபோது நான் அவருடைய கையைத் தொட்டு நிறுத்திவிட்டு டொக்டரிடம் திரும்பினேன். "உடம்பெல்லாம் வலியாம். அலுப்பாக இருக்கிறதாம். முடி கொட்டுகிறதாம்" என்று சிங்களத்தில் சொன்னேன்.

டொக்டர் கன்னத்துச் சிவப்பைக் கவனித்தார். வெயிலில் வேலையா என்று கேட்டார். ஆமாம், முற்றத்தில் காய வைக்கிற வேலை என்றேன். அதுவும் உண்மைதான். அவர் தலையசைத்து எழுதினார். எழுதி முடித்துவிட்டு அக்காவை நேராகப் பார்த்து, வேறு ஏதாவது இருக்கிறதா என்று கேட்டார்.

"நுரையைச் சொல்லு தங்கச்சி" என்றார் அக்கா. "பிள்ளைங்களையும் சொல்லு."

அந்த மேசைக்கு முன்னால், அந்த மனிதரிடம், மூத்திரம் என்ற சொல்லைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. கலைந்து போன பிள்ளைகளையும் சொல்ல வரவில்லை. படிப்பில்லாத பொம்பளை ஏதேதோ உளறுகிறாள், அதை இவளும் கொண்டு வந்து சொல்கிறாள் என்று அவர் நினைத்துவிடுவாரோ என்றிருந்தது.

"வேறு ஒன்றும் இல்லை டொக்டர்" என்றேன்.

வலி மாத்திரையும் விட்டமினும் முகத்துக்குப் பூச ஒரு கிறீமும் கிடைத்தன. வெளியே வந்து ரோட்டைக் கடக்கும்போது அக்கா என்னை ஒரு மாதிரி பார்த்தார்.

"நான் அவ்வளவு சொன்னேன், நீ ரெண்டு வார்த்தையில முடிச்சிட்டியே. சிங்களத்துல எல்லாத்தையும் சுருக்கமாச் சொல்லிறலாம் போல. நம்ம பாஷைதான் நீளம்."

கிண்டல் இல்லை. அப்படித்தான் நம்பினார். நான் "ம்" என்றேன்.

அந்த வருஷம் இன்னும் இரண்டு தடவை போனோம். வேறு வேறு டொக்டர்கள். முதல் டொக்டர் எழுதிய கொப்பியைப் பார்த்து அதே வலிதானா என்று கேட்டார்கள், அதேதான் என்று சொன்னேன். முதலில் விட்டதை இரண்டாவது தடவை சொன்னால், ஏன் முன்பே சொல்லவில்லை என்று கேட்பார்களோ என்ற பயமும் சேர்ந்துகொண்டது. மூன்றாவது தடவை மருந்து எடுக்கிற ஜன்னலுக்குப் பக்கத்தில் வைத்து அக்கா கேட்டார்.

"எல்லாம் சொன்னியா தங்கச்சி? நுரையை?"

"சொன்னேன்க்கா."

"அதுக்கு என்னா சொன்னாரு?"

"தண்ணி நெறையக் குடிக்கச் சொன்னாரு."

அன்றிலிருந்து அக்கா ஒரு போத்தல் தண்ணீரைக் கையோடு கொண்டு திரிந்தார். வழியில் கேட்கிறவர்களிடமெல்லாம், தண்ணீர் ஏன் குடிக்க வேண்டும் என்று டொக்டர் சொன்னதை முதலில் இருந்து விளக்குவார். டொக்டர் சொல்லாத விளக்கம் அது. நான் சொன்ன ஒரு வரியில் இருந்து அவர் வளர்த்தது.

அடுத்த வெயில் காலத்தில் அவர் நடை தளர்ந்தது. காலையில் கண் இரண்டும் வீங்கி இருக்கும். பிறகு காலும் வீங்கியது. செருப்பு போட முடியாமல் வெறுங்காலோடு வேலைக்குப் போனார். ஒரு நாள் முற்றத்தில் மூச்சு வாங்கி உட்கார்ந்துவிட்டார். அங்கிருந்தே த்ரீவீலில் ஏற்றிக்கொண்டு போய் வார்டில் சேர்த்தார்கள். பாடசாலை விட்டதும் நான் போனேன். கணவர் தலைமாட்டில் நின்றார். சீமெந்து காய்ந்த கையோடு அப்படியே வந்திருந்தார்.

அந்த வார்டுக்குப் புதிதாக ஒரு தமிழ் டொக்டர் வந்திருந்தார். மட்டக்களப்புப் பக்கத்துப் பெண். கட்டிலுக்குப் பக்கத்தில் ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார்.

"என்ன செய்யுது அம்மா? ஆறுதலா சொல்லுங்க."

"மொதல்ல இருந்து சொல்லலாமா?"

"சொல்லுங்க."

அக்காவுக்கு மூச்சு முட்டியது. நிறுத்தி நிறுத்திச் சொன்னார். பதினோரு விஷயமும் வந்தன. பதினோராவது முடிந்த பிறகு, "வேற?" என்று கேட்டார் டொக்டர். அக்கா யோசித்தார். "வேற இல்ல" என்றார். அந்த அக்காவின் பேச்சு தானாக முடிந்து நான் பார்த்தது அன்றைக்குத்தான். அதுவரை நாங்கள் யாரும் அது முடியும் வரைக்கும் நின்றதில்லை.

இரத்தமும் சிறுநீரும் சோதித்தார்கள். இரண்டு நாளில் டொக்டர் வந்து சொன்னார். லூபஸ் என்று ஒரு வருத்தம். உடம்புக்குள்ளே நோயோடு சண்டை பிடிக்க இருக்கிற சக்தி, ஆள் மாறி, உடம்போடேயே சண்டை பிடிக்கிறது. தோல், மூட்டு, வாய், முடி என்று அதற்கு எல்லை கிடையாது. வெயில் பட்டால் கூடும். சிலருக்குப் பிள்ளை தங்காமல் போவதும் உண்டு. கிட்னியையும் தொடும்.

அக்கா முழுவதையும் கேட்டார். பிறகு அந்த வீங்கின முகத்தில் ஒரு சிரிப்பு வந்தது.

"அப்ப ஒரே ஆள்தான்" என்றார். கணவரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "நான் சொன்னேன்ல, ஒரே ஆள்தான்னு."

பரீட்சையில் பாஸான பிள்ளையின் முகம் அது. டொக்டரும் சிரித்துவிட்டார். பிறகு க்ளினிக் கொப்பியைப் புரட்டினார்.

"இந்த நுரை எவ்வளவு காலமா?"

"ஒண்ணேகால் வருஷம்."

"ஆனா இதுல மூணு தரம் வந்திருக்கிறீங்க. உடம்பு வலி எண்டுதான் எழுதியிருக்கு. நுரையைப் பற்றி ஒண்டும் இல்லையே. அப்பவே தெரிஞ்சிருந்தா கிட்னியை இந்த அளவுக்கு விட்டிருக்க மாட்டம்."

நான் கட்டிலின் கால்மாட்டில் சுடுதண்ணீர்ப் பிளாஸ்க்கைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அக்கா என்னைப் பார்த்தார். அதில் கோபம் இல்லை. நான் நிற்கிறேனா என்று பார்த்துக்கொண்டது போலத்தான் இருந்தது. பிறகு டொக்டர் பக்கம் திரும்பினார்.

"நாந்தான் வெவரமாச் சொல்லல்ல போல இருக்கு டொக்டரம்மா."

அவருடைய கணவர் அதுவரை ஒரு வார்த்தையும் பேசவில்லை. இப்போது பேசினார்.

"ஊருக்கெல்லாம் கதை சொல்ற. சொல்ல வேண்டிய எடத்துல வாயை மூடிக்கிட்டு இருந்தியா?" குரல் உடைந்துவிட்டது. முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டார்.

அந்த நேரத்தில் நான் வாயைத் திறந்திருக்கலாம். சொல்ல வேண்டியது ஒரே வசனம். அது எனக்குள் தயாராகவும் இருந்தது. நான் பிளாஸ்க்கைத் திறந்து சுடுதண்ணீர் ஊற்றி, "குடிங்கக்கா" என்றேன்.

அதற்குப் பிறகு அக்கா மூன்று வருஷமும் சில மாதங்களும் இருந்தார். கண்டியில் க்ளினிக். மாத்திரையால் முகம் உருண்டுவிட்டது. "கண்ணாடியில வேற ஒரு பொம்பளை நிக்குறா, நல்ல தடிச்ச குடும்பத்துப் பொம்பளை" என்பார். வேலையை விட்டுவிட்டார். வெளியே போனால் முழங்கை மறைய ஒரு பழைய சேர்ட்டும் குடையும். க்ளினிக் வரிசையில் பக்கத்தில் உட்காருகிற தமிழ்ப் பெண்களுக்கு இந்த வருத்தத்தை முதலில் இருந்து சொல்லிக் கொடுப்பார். தோலில் தெரிவது எது, தெரியாமல் உள்ளுக்குள் போவது எது, எதைப் பார்த்தால் உடனே ஓடி வர வேண்டும். "வெக்கப்படாம சொல்லுங்க. மூத்திரம் எல்லாருக்கும்தான் போகுது" என்று ஒரு பெண்ணிடம் சொல்வதைக் கேட்டேன். அன்று நானும் துணைக்குப் போயிருந்தேன். அந்தப் பெண்கள் அக்காவின் பேச்சைக் கடைசி வரை கேட்டார்கள்.

ஒரு நாள் பின்னேரம் ஒரு புதுக் கொப்பியோடு எங்கள் வீட்டுக்கு வந்தார்.

"எனக்குக் கொஞ்சம் சிங்களச் சொல்லு சொல்லித் தா தங்கச்சி. ஒவ்வொரு தடவையும் உன்னை அலைய வைக்க ஏலாது."

வலது பக்கம் தமிழ், இடது பக்கம் சிங்களச் சொல்லைத் தமிழ் எழுத்தில் எழுதிக்கொண்டார். வெயில், அவ்வ. புண், துவாலய. கால் வீக்கத்துக்கும் மூச்சு முட்டுவதற்கும் கேட்டார். பிறகு, "நுரைக்கு என்னா?" என்றார்.

"பெண."

எழுதினார். எழுதியதைப் பார்த்துக்கொண்டிருந்தார். "நுரை. பெண" என்று ஒரு தடவை வாசித்தார். "இதுவும் ரெண்டெழுத்துதானா."

அக்கா கொப்பியில் இருந்து தலையை எடுக்கவில்லை. "ஆமாக்கா" என்றேன். அவருக்குத் தெரியும் என்று அப்போது விளங்கியது. எப்போதிலிருந்து என்றுதான் விளங்கவில்லை. மருந்து ஜன்னலுக்குப் பக்கத்தில் கேட்டபோதே தெரியுமா, வார்டில்தான் தெரிந்ததா. நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன்.

"அடுத்ததைச் சொல்லு" என்றார். "தலை சுத்துறதுக்கு என்னா?"

கிட்னி இரண்டும் போன பிறகு கிழமைக்கு இரண்டு தடவை இரத்தம் சுத்தம் செய்யப் போனார். கடைசியில் ஒரு காய்ச்சல் வந்தது. மூன்று நாள்தான். மழைக்காலம். செத்த வீட்டில் எல்லாரும் அவர் சொன்ன கதைகளைச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். பாஸ்போர்ட் கதையை இரண்டு மூன்று பேர் சொன்னார்கள். யாருக்கும் முழுவதும் தெரியவில்லை. ஈரப் பாயை விட்டுவிட்டார்கள். எனக்கு முழுவதும் தெரியும், ஆனால் நான் வாய் திறக்கவில்லை.

அது நடந்து பல வருஷங்கள் ஆகிவிட்டன. எனக்குக் கல்யாணமாகி அதே வீட்டில்தான் இருக்கிறோம். அம்மா நடமாட முடியாமல் கட்டிலோடு இருக்கிறார். போன மாதம் மழையில் எங்கள் குளியலறைச் சுவர் ஒரு பக்கம் இடிந்தது. அக்காவின் கணவரையே கூப்பிட்டோம். அவருக்கு வயதாகிவிட்டது, கண்ணாடி போடுகிறார். கையில் நிதானம் குறையவில்லை. இத்தனை வருஷமும் எங்கள் வீட்டுக் கூரையோ படியோ உடைந்தால் வந்து செய்து கொடுத்துவிட்டு, "அவ ஆஸ்பத்திரிக்கு நீங்கதானே கூடப் போனீங்க" என்று சொல்வார். ஒவ்வொரு தடவையும் அதைச் சொல்வார்.

அன்று மத்தியானம் பின்வாசலில் உட்கார்ந்து சாப்பிட்டார். நான் தண்ணீர் கொண்டுபோய் வைத்தேன். அதையே திரும்பவும் சொன்னார். எனக்கு அதற்கு மேல் தாங்கவில்லை. எதிரில் உட்கார்ந்து சொல்லிவிட்டேன். முதலில் இருந்து சொன்னேன். பெஞ்சில் இருந்தது, போனைப் பார்த்தது, அந்த டொக்டர் என் சிங்களத்தைப் புகழ்ந்தது, வேறு ஒன்றும் இல்லை என்று நான் சொன்னது, தண்ணீர் குடிக்கச் சொன்னார் என்று நானே கட்டிச் சொன்னது.

அவர் சோற்றில் வைத்த கையை எடுக்கவில்லை.

"அவ சொன்னாளா? நுரை வருதுன்னு, உங்ககிட்ட?"

"சொன்னாங்க அண்ணே. மூணு தடவையும் சொன்னாங்க."

பிறகு என்னைப் பார்க்காமல் பேசினார்.

"ஆஸ்பத்திரியில இருந்து வீட்டுக்கு வந்த அன்னைக்கு அவகிட்டக் கேட்டேன். ஏன்டி சொல்லல்லன்னு. சொன்னேன்னு சொன்னா. நான் நம்பல்ல. டீச்சர் பிள்ளை விட்டிருக்குமா, நீ சொல்லியிருக்க மாட்ட, என்கிட்டப் பொய் சொல்றியான்னு கேட்டேன். திரும்பவும் சொன்னேன்னுதான் சொன்னா. அவ்வளவுதான். அதுக்கு மேல ஒரு வார்த்தை பேசல்ல." கை சோற்றைப் பிசைந்தது, வாய்க்குப் போகவில்லை. "அவளா அப்படி ஒரே சொல்லுல நிறுத்தினா? அதுல இருந்தாவது எனக்கு வெளங்கியிருக்கணும். வெளங்கல்ல. அதுக்குப் பெறகும் எத்தனையோ தடவை ஏசிட்டேன். க்ளினிக் போற ஒவ்வொரு நாளும்."

தட்டை அப்படியே வைத்துவிட்டுக் கை கழுவினார். அன்று பின்னேரம் வரைக்கும் வேலை செய்தார். என்னோடு பேசவில்லை. அடுத்த நாள் வர மாட்டார் என்று நினைத்தேன். வழமையான நேரத்துக்கு வந்தார். பூச்சு வேலையை முடித்தார், சாமான்களைக் கழுவிச் சாக்கில் போட்டார். நான் வாசலில் நின்றேன். மன்னிப்பு என்ற சொல்லை எப்படிச் சொல்வது என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

"டொக்டர்கிட்ட விட்டதை விடுங்க டீச்சர்" என்றார். "சின்னப் பிள்ளை, வெக்கப்பட்டீங்க. அவளே அதை ஒண்ணும் நெனச்சிருக்க மாட்டா." சாக்கைத் தோளில் ஏற்றிக்கொண்டார். "அன்னைக்கு வார்டுல என்கிட்டயாவது சொல்லியிருக்கலாம். அவ இருக்கிறப்பவே சொல்லியிருந்தா, நான் அவகிட்ட ஏசாம இருந்திருப்பேன்."

கோப்பிச் செடிகளுக்கு நடுவே இருக்கும் இடைவெளியால் அவர் தன் வீட்டுக்குப் போனார். உள்ளே அம்மா கூப்பிட்டார். அண்ணன் போய்விட்டாரா, ஏதும் சொன்னாரா என்று கேட்டார்.

"ஒண்ணும் சொல்லலம்மா" என்றேன்.